ஊறப்போட்ட பழி

அக்காவின் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. எழுதினால் எப்படியும் அவள் காதுக்குப் போய்விடும். போனாலும் சண்டைக்கு வர மாட்டாள். அதுதான் எனக்குப் பயம்.

ஏரியும் கடலும் சேருகிற கோட்டைக்குப்பத்தில் எங்கள் கொல்லைக்கும் அவள் கொல்லைக்கும் நடுவில் ஒரு கீற்றுத் தட்டிதான் இருந்தது. எட்டு வருஷம் அந்தத் தட்டிக்கு இந்தப் பக்கம் குடும்பம் நடத்தினேன். அவள் யாரிடமும் குரலை உயர்த்திப் பேசி நான் கேட்டதில்லை. குழாயடியில் குடம் உருளும்போதும், துறையில் நண்டுக் கூடையை ஒருத்தி இழுத்து இன்னொருத்தி பிடுங்கும்போதும் அக்கா பேசாமல் நிற்பாள். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு, யார் என்ன சொன்னார்கள் என்று கேட்டுக்கொள்வாள். அவ்வளவுதான். தெரியாதவர்கள் அவளைச் சாது என்று நினைத்தார்கள்.

துறையில் ஏலம் விடுகிற ஒருவர், கூட்டத்தில் ஒருநாள் அவளைப் பார்த்து, "ஏய், ஓரமா போ" என்று கையை வீசினார். அக்கா ஓரமாகப் போய் நின்றாள். பத்து மாதம் கழித்து அவர் மகள் வயதுக்கு வந்தாள். வெற்றிலை பாக்குத் தட்டோடு அக்காவையும் வந்து அழைத்தார். அக்கா பட்டுப்புடவை கட்டிக்கொண்டு போனாள். பந்தலுக்குள் மட்டும் நுழையவில்லை. வெளியே, வெயிலில், கம்பத்தின் ஓரமாக நின்றாள். வந்த சனமெல்லாம் "இன்னாக்கா இங்க நிக்கிற?" என்று கேட்டது. "ஓரமா போன்னு அண்ணன்தான் சொன்னாரு" என்று எல்லோருக்கும் ஒரே பதிலைச் சொன்னாள். அவர் மூன்று தடவை வெளியே வந்து கூப்பிட்டார். மூன்றாம் தடவை கைகூப்பினார். அப்புறம்தான் உள்ளே போய்ச் சாப்பிட்டாள்.

ஊரில் அவளுக்கு மிஷின் அக்கா என்று பெயர். துணி துவைக்கிற மிஷினில் எந்தக் கோளாறு வந்தாலும் அவளைத்தான் கூப்பிடுவோம். காசு வாங்க மாட்டாள். புண்ணியத்துக்குச் செய்கிறாள் என்று வெளியூர்க்காரர்கள் சொல்வார்கள். எங்களுக்குத் தெரியும், அது புண்ணியம் இல்லை.

நான் ஆரம்பாக்கத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்த புதிது. நான் வந்த மூன்றாம் மாதம் அக்கா வீட்டு மிஷின் சுற்றாமல் நின்றுவிட்டது. மேலே மூடி திறந்து துணி போடுகிற மிஷின். தண்ணீர் பிடிக்கிறது, துவைக்கிறது, பிழியும் நேரத்தில் மட்டும் பீப் பீப் என்று கத்திவிட்டு நின்றுவிடுகிறது. பொன்னேரியிலிருந்து மெக்கானிக் ஒருவர் வந்தார். அந்தத் தெருவில் அன்றைக்கு அதுதான் வேடிக்கை. ஏழெட்டுப் பெண்கள் அவள் கொல்லையில் கூடிவிட்டோம்.

அவர் மூடியைத் திறந்தார். கைக்குட்டையை எடுத்து மூக்கைச் சுற்றிக் கட்டினார். அப்புறம், அடியில் துணியைச் சுழற்றுகிற விசிறியை ஒரே திருகில் கழற்றினார். அதற்கடியில் ஏரிச் சேறும் மீன் செதிலும் ஒரு கை அளவுக்கு அப்பியிருந்தன. வழித்தெடுத்து அக்காவின் காலடியில் போட்டார்.

"இன்னாம்மா, இதுல துணி தோய்க்கிறியா, மீன் கழுவுறியா?"

அக்கா புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"இது மனுசங்க துணி தோய்க்கிற மிஷினு. உங்களுக்கெல்லாம் கல்லு போதாதா? நாத்தம் குடலைப் புடுங்குது. என்னால இதுல கைய வெக்க முடியாது."

பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். விசிறியைத் திரும்ப மாட்டக்கூட இல்லை.

அப்போது சிரித்தவர்களில் நானும் ஒருத்தி. மற்றவர்கள் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்கள். நான்தான் சத்தமாகச் சிரித்தேன். ஏன் சிரித்தேன் என்று பல தடவை யோசித்திருக்கிறேன். என் நைனாவும் ஏரியில் இறங்கிக் கையால் இறால் தடவிப் பிடிக்கிறவர்தான். எங்கள் வீட்டுத் துணியிலும் அதே வாடைதான். ஆனாலும் அந்த நேரத்தில் நான் கைக்குட்டை கட்டிய ஆளின் பக்கம் நிற்க ஆசைப்பட்டேன். வேறு காரணம் இல்லை.

அக்கா குனிந்து செதிலை அள்ளினாள். நிமிர்ந்து எங்களை ஒவ்வொருத்தியாகப் பார்த்தாள். என்னிடம் வந்தபோது கொஞ்சம் கூடுதலாகப் பார்த்தாள்.

அதற்குப் பிறகு பத்து நாள் அவள் துறைக்கே போகவில்லை. கொல்லையில் மிஷினைச் சாய்த்துப் போட்டு, பின்பக்கத் தகட்டைக் கழற்றி, ஒவ்வொன்றையும் பிரிப்பதற்கு முன் போனில் படம் எடுத்துக்கொண்டாள். போனில் வீடியோ பார்த்தாள். இந்திக்காரன், தெலுங்குக்காரன், எந்த ஊர்க்காரன் என்றே தெரியாதவன், எல்லோரையும் பார்த்தாள். "பேச்சு எதுக்கு, கைய பார்த்தா போதும்" என்பாள். பத்தாம் நாள் தட்டிக்கு மேலே தலை தெரிந்தது.

"செதிலு இல்லமே" என்றாள் என்னிடம். "மூடி ஸ்விட்சு. மூடி சாத்திக்கீதுன்னு மிஷினுக்குச் சொல்ற ஸ்விட்சு. உப்புக்காத்துல துரு ஏறிப் போச்சி. மூடி தொறந்துகீதுன்னு நெனச்சிக்கினு அது சுத்தாம நிக்குது. அந்தாளு அதைத் தொட்டுக்கூடப் பார்க்கல."

"அப்போ சரியாயிடுச்சா அக்கா?"

"மிஷினு சரியாயிடுச்சி" என்றாள்.

அதன் பிறகு பொன்னேரிக்காரருக்கு எங்கள் குப்பத்திலிருந்து ஒரு போன்கூடப் போகவில்லை. யார் வீட்டு மிஷின் நின்றாலும், கூப்பிடுவதற்கு முன்பே அக்கா வந்து நிற்பாள். திருகுளி, பழைய பல் துலக்கும் பிரஷ், ஒரு எவர்சில்வர் தட்டு, இவ்வளவுதான் அவள் சாமான். தண்ணீர் மெதுவாக ஏறுகிறது என்றால் பைப்பைக் கழற்றி, அதன் வாயில் இருக்கிற சின்ன வலையை பிரஷ்ஷால் தேய்ப்பாள், மணல் உதிரும். பிழியும்போது மிஷின் ஆடி நடந்து வருகிறது என்றால், ஒரு டம்ளர் நிறையத் தண்ணீரை அதன் தலையில் வைத்துப் பார்த்து, எந்தப் பக்கம் சாய்கிறதோ அந்தக் காலைத் திருகுவாள். உர்ரென்று உறுமுகிறது, சுற்றவில்லை என்றால் கெபாசிட்டர் போயிருக்கும். முதல் தடவை அதைத் தொட்டபோது கரண்ட் அவளைச் சுவரில் தூக்கி அடித்தது. வயரைப் பிடுங்கிய பிறகும் அதற்குள் கரண்ட் தங்கியிருக்கும் என்று அன்றைக்குத்தான் கற்றுக்கொண்டாள். "இதுவும் என்னை மாதிரிதான்" என்று கையை உதறிக்கொண்டே சிரித்தாள்.

பக்கத்துக் குப்பங்களிலிருந்தும் ஆள் வந்தது. போகிற இடத்திலெல்லாம் திட்டு விழும். "லுங்கியை உதறிட்டுப் போடு. சேத்தைக் கொல்லையிலயே அலசிட்டுப் போடு. உப்புத்தண்ணில நுரை வராதுன்னு பவுடரை அள்ளிக் கொட்டாத, அதுதான் அடியில போயி கட்டியா நிக்கிது. தோய்ச்சி முடிச்சதும் மூடியைத் தொறந்து வை, உள்ள காத்தாடணும்." கறை போகவில்லை என்று யாராவது சொன்னால் மட்டும் குரல் இறங்கும். "அவசரப்பட்டா எந்தக் கறையும் போகாது. ஊறணும்."

அவளுக்குக் கூலி ஒன்று இருந்தது. விசிறியைக் கழற்றி, அடியில் இருப்பதையெல்லாம் அந்த எவர்சில்வர் தட்டில் வழித்து, தெருவில் வீடு வீடாகக் காட்டிக்கொண்டு போவாள். "இது இன்னார் வூட்டு அழுக்கு. பார்த்துக்குங்க." யாரும் தடுக்க முடியாது. தடுத்தால் அடுத்த தடவை மிஷின் நின்றால் கதி இல்லை. முதலில் அந்த மெக்கானிக் வந்த நாளில் சிரித்த வீடுகள்தான். ஒருத்தி வீட்டில் மகன் கிழிந்த வலையைப் போட்டுத் துவைத்து நரம்பெல்லாம் அச்சில் சுற்றிக்கொண்டது, அது தட்டில் வந்தது. மலைக்கு மாலை போட்டிருந்த ஒருவர் வீட்டு மிஷினிலிருந்து பிராந்தி பாட்டிலின் மூடி வந்தது. அந்த மனிதர் அதற்கப்புறம் அந்த வருஷம் மலைக்கே போகவில்லை.

ஒவ்வொரு தட்டும் தெருவில் போகும்போது என் முறை எப்போது என்று எண்ணிக்கொண்டிருப்பேன். என் வீட்டு மிஷின் என் நைனா சீராகக் கொடுத்தது. அதைக் குழந்தை மாதிரி பார்த்துக்கொண்டேன். வாரம் தவறாமல் பஞ்சு பிடிக்கிற பையைக் கழுவுவேன். அப்படியும் ஒருநாள் அது நின்றது. தண்ணீர் வெளியே போகவில்லை. என் மாமியார் தட்டிக்கு மேல் எட்டிப் பார்த்து அக்காவைக் கூப்பிட்டுவிட்டாள்.

இங்கே என்னைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். என் முதல் குழந்தை ஏழாம் மாதத்தில் வயிற்றிலேயே இறந்துபோனது. ஆஸ்பத்திரியில் வலி எடுக்க மருந்து கொடுத்து, உயிரில்லாத பிள்ளையைப் பெறவைத்தார்கள். மறுபடியும் அந்தக் கட்டிலில் படுக்க எனக்குத் தைரியம் வரவில்லை. யாருக்கும் தெரியாமல் கருத்தடை மாத்திரை சாப்பிட்டு வந்தேன். வீட்டுக்காரருக்கும் சொல்லவில்லை. அத்தை எனக்காக வெள்ளிக்கிழமை தோறும் விரதம் இருந்தாள்.

அக்கா விசிறியைக் கழற்றினாள். தட்டில் மணல் வந்தது, ஒரு பித்தான் வந்தது, செதில் வந்தது. அப்புறம் கை வைத்துத் துழாவி இன்னும் எதையோ இழுத்தாள். பாதியாகக் கிழிந்த, காலியான மாத்திரை அட்டை. என் நைட்டிப் பையில் இருந்து விழுந்திருக்க வேண்டும். குப்பத்துப் பெண்கள் எல்லோருக்கும் அந்த அட்டை தெரியும். நர்ஸம்மா வீடு வீடாகக் கொண்டுவருவது.

அத்தை இரண்டடி தள்ளி நின்றிருந்தாள். அக்கா என்னை நிமிர்ந்து பார்த்தாள். அவள் விரல்கள் மடங்கின. அட்டை அவள் இடுப்புச் செருகலுக்குள் போனது. தட்டில் மிச்சமிருந்த செதிலை மட்டும் தெருவில் காட்டிவிட்டு அவள் வீட்டுக்குப் போய்விட்டாள்.

முதல் நாள் அவள் காலில் விழலாமா என்றிருந்தது. அவ்வளவு நன்றி. இரண்டாம் நாள், நான் துணி காயப்போடும்போது, தட்டிக்கு அந்தப் பக்கத்திலிருந்து குரல் வந்தது. அத்தையும் அருகில் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள்.

"இன்னாமே, விசேஷம் ஒண்ணும் இல்லியா இன்னும்?"

என் கையிலிருந்த ஈரப் புடவை மண்ணில் விழுந்தது.

இரண்டு வருஷம் அப்படியே போனது. வாரத்துக்கு ஒரு தடவையாவது கேட்பாள். அத்தையிடம், "உன் மருமவளுக்கு எந்தக் கோயில்ல வேண்டிக்கினுகீற?" என்று அக்கறையாக விசாரிப்பாள். அத்தை கண் கலங்குவாள். அக்கா என்னைப் பார்ப்பாள். நான் மாத்திரையை நிறுத்திவிட்டேனா என்றுகூட அவள் கேட்கவில்லை. ஒருநாள் அவள் தனியாக இருந்தபோது கெஞ்சினேன்.

"அக்கா, அதைக் குடுத்துடுக்கா. அன்னிக்கு சிரிச்சது தப்புதான்."

"சிரிச்சியா? எப்போ?" என்றாள்.

பிறகு ஒரு காலையில் அவளே எங்கள் வாசலுக்கு வந்தாள். பொன்னேரியில் ஒரு டாக்டரம்மா இருக்கிறாள், கைராசிக்காரி, என்னைக் கூட்டிப்போய்க் காட்டிவிட்டு வருகிறேன் என்றாள். அத்தை உள்ளே ஓடிப்போய்த் திருநீறு எடுத்துவந்து எனக்குப் பூசிவிட்டாள். பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்த பிறகுதான் அக்கா விஷயத்தைச் சொன்னாள்.

"நீ வாயத் தொறந்து எதுவும் பேச வேணாம். நான் சொல்றப்போ சிரிக்கணும். அன்னிக்கு எப்படிச் சிரிச்சியோ அப்படி."

மெக்கானிக்கின் கடை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்தது. சுவரில் பெல்ட்டுகள் தொங்கின. அவருக்குத் தலை நரைத்திருந்தது. மேஜையில் அவர் மனைவி ஏதோ எழுதிக்கொண்டிருந்தாள்; என் வயதுதான் இருக்கும். ஒரு அம்மாள் கடையில் நின்று சத்தம் போட்டுக்கொண்டிருந்தாள். அவளுடைய மிஷின் மூன்றாம் தடவையாகக் கடைக்கு வந்திருக்கிறதாம். துவைக்கிறது, பிழிய மாட்டேனென்கிறது.

"போர்டு போயிடுச்சிம்மா. புதுசு போடணும்" என்றார் மெக்கானிக்.

"சார், நான் ஒரு தபா பார்க்கட்டுமா?" என்று அக்கா கேட்டாள்.

அவர் பதில் சொல்வதற்குள் மூடிக்குப் பக்கத்தில் இருந்த துளையில் கொண்டை ஊசியை விட்டு அழுத்திவிட்டாள். டிரம் சுற்ற ஆரம்பித்தது. கடை முழுக்க அந்தச் சத்தம் நிறைந்தது.

"போர்டு இல்ல. மூடி ஸ்விட்சு" என்று அந்த அம்மாளிடம் சொன்னாள். அதோடு விடவில்லை, வயரைப் பிடுங்கிவிட்டு விசிறியையும் கழற்றினாள். பையிலிருந்து எவர்சில்வர் தட்டை எடுத்து, அடியில் இருந்ததை வழித்துப் போட்டாள். சாம்பல் நிறத்தில், முடியும் பவுடரும் சேர்ந்து கூழாகிப்போன அழுக்கு. நான் மூக்கைப் பொத்திக்கொண்டேன்.

"ஏம்மா, உங்க வூட்ல மீனு துன்னுவீங்களா?"

"சே, சே. முட்டைகூட எங்க வீட்ல சேக்க மாட்டோம்" என்றாள் அந்த அம்மாள்.

அக்கா தட்டை மெக்கானிக்கின் முகத்துக்கு நேரே நீட்டினாள்.

"மோந்து பாரு சார். இது எந்த மீனோட செதிலு?"

அவர் பின்னால் நகர்ந்தார். முதுகு ஒரு மிஷினில் இடித்தது. அவருக்கு மெல்ல அடையாளம் தெரிய ஆரம்பித்தது. "கோட்டைக்குப்பமா?" என்றார், தொண்டைக்குள்ளேயே.

"சிரிமே" என்றாள் அக்கா.

சிரித்தேன். வராது என்றுதான் பயந்திருந்தேன். வந்தது. அடித்தொண்டையிலிருந்து, நிறுத்த முடியாமல், கடைக்கு வெளியே போனவர்கள் திரும்பிப் பார்க்கிற அளவுக்கு வந்தது. அந்த மனிதர் முகம் சுருங்கச் சுருங்க எனக்கு இன்னும் சிரிப்பு வந்தது. அதைச் சொல்லத்தான் வெட்கமாக இருக்கிறது.

அவர் மனைவி எழுந்து வந்தாள். அக்காவின் கையிலிருந்து தட்டை வாங்கினாள். பின்பக்கக் குழாயில் கழுவினாள். தன் முந்தானையால் துடைத்து, இரண்டு கையாலும் திருப்பிக் கொடுத்தாள். அக்கா வாங்கிப் பையில் போட்டுக்கொண்டாள்.

திரும்புகிற பஸ்ஸில் கூட்டம் இல்லை. ஏரி தெரிய ஆரம்பித்ததும் கையை நீட்டினேன்.

"அட்டையைக் குடுக்கா."

"எந்த அட்டை?"

"அந்த மாத்திரை அட்டை."

"அதுவா? அன்னிக்கே அடுப்புல போட்டுட்டேனேமே" என்றாள். முகத்தில் அப்படி ஒரு நிம்மதி. "அதை வெச்சிக்கினு நான் இன்னா பண்ணப்போறேன்? பொம்பள சமாச்சாரத்தை வெளிய சொல்றவளா நானு?"

"அப்போ ரெண்டு வருசமா எதுக்குக்கா என்னை…"

அவள் என் தொடையில் மெதுவாகத் தட்டினாள், பெற்றவள் தட்டுவது மாதிரி.

"ஊறணும் இல்ல?"

அன்று சாயங்காலமே வீட்டுக்காரரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். என் ரகசியம் இனி யார் இடுப்பிலும் இருக்கக் கூடாது என்று தோன்றியது. அவர் மூன்று நாள் என்னோடு பேசவில்லை. நாலாம் நாள் கடலுக்குப் போகும் முன் அத்தையிடம், "அவளை இனிமே யாரும் கேக்காதீங்க. அவளுக்கு எப்போ தோணுதோ அப்போ" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். அத்தைக்குப் புரிந்ததோ இல்லையோ, விரதத்தை விட்டுவிட்டாள்.

ஆனால் எனக்குள் ஏதோ அடங்கவில்லை. தட்டிக்கு அந்தப் பக்கம் அக்காவின் செருப்புச் சத்தம் கேட்டாலே பல்லைக் கடித்தேன். அவள் இப்போதெல்லாம் என்னிடம் பிரியமாகப் பேசினாள். அதுதான் தாங்கவில்லை. மழைக்காலம் முடிந்ததும் என் மிஷின் உர்ரென்று உறுமி நின்றது. கெபாசிட்டர். சத்தத்தை வைத்தே தெரிந்தது. அக்காவுக்கும் கேட்டிருக்கும்.

"இன்னாமே, வரட்டா?" என்றாள் தட்டிக்கு மேலே.

"வேணாக்கா" என்றேன்.

பொன்னேரிக் கடைப் பலகையில் பார்த்த நம்பர் என் போனில் இருந்தது. ஏன் அதைக் குறித்து வைத்தேன் என்று எனக்கே தெரியாது. கொல்லையில் நின்று, அவளுக்குக் கேட்கிற மாதிரி, அந்த நம்பருக்குப் பேசினேன். ஊர்ப் பெயரைச் சொன்னேன்.

"அந்தம்மா வூடு பக்கத்துலயா?" என்று கேட்டார் மெக்கானிக்.

"நடுவுல தட்டிதான்."

"நாளைக்குக் காலைல மொத ஆளா வர்றேம்மா."

வந்தார். ஆறு வருஷத்துக்குப் பிறகு அவருடைய வண்டி எங்கள் தெருவில் நின்றது. முகத்தில் எதையும் கட்டவில்லை. கெபாசிட்டரை மாற்றினார். நான் சொல்லாமலே விசிறியைக் கழற்றிச் சுத்தம் செய்து திரும்ப மாட்டினார். எங்கள் டம்ளரில் தண்ணீர் வாங்கிக் குடித்தார். அவர் இருந்த அரை மணி நேரமும் அக்கா தட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒரு கீற்று மட்டும் அவள் விரலில் கிழிந்து கிழிந்து விழுந்துகொண்டிருந்தது. அன்றிலிருந்து அவள் என்னிடம் பேசவில்லை.

அடுத்த வருஷம் வீட்டுக்காரருக்கு வேறு வேலை கிடைத்து நாங்கள் மீஞ்சூருக்குக் குடிவந்தோம். எனக்கு அப்போது ஐந்து மாதம். சாமானை வண்டியில் ஏற்றும்போது அக்கா தன் வீட்டுப் போர்வை ஒன்றோடு வந்தாள். யாரையும் கேட்காமல் மிஷினின் மூடியைத் திறந்து, தலையை உள்ளே விட்டு, டிரம்முக்கும் சுவருக்கும் நடுவில் போர்வையைத் திணித்தாள். ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டாள்.

"ஆடினா டிரம்மைப் புடிச்சிக்கினுகீற ராடு கழண்டுக்கும்" என்று வண்டிக்காரரிடம் சொன்னாள். "மெதுவா ஓட்டுப்பா, புள்ளத்தாச்சி கீறா." என்னைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரித்துவிட்டுப் போனாள்.

மீஞ்சூரில் போர்வையை எடுத்துவிட்டு மிஷினைப் போட்டேன். ஒரு கோளாறும் இல்லை. என் மகள் இப்போது பள்ளிக்கூடம் போகிறாள். அவளுடைய சீருடை அதே மிஷினில்தான் துவைபடுகிறது. மெக்கானிக் இரண்டு பேரை வைத்து அடிவரை பிரித்துப் பார்த்துவிட்டேன். ஒன்றும் இல்லை என்கிறார்கள். ஆனாலும் அது பிழிய ஆரம்பிக்கும்போது மகளைத் தூர நிற்கச் சொல்லிவிட்டு, பக்கத்தில் போய் நின்று, அது ஓய்கிற வரை காதைக் கொடுத்துக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.